சாப்பிட்டாச்சு, தங்கச்சி

என் கணவருக்குச் சீனி வருத்தம். சாப்பாட்டுக்கு முன் போடும்படி டொக்டர் ஒரு குளிசை கொடுத்திருந்தார். போட்டால் உடனே சாப்பிட்டுவிட வேண்டும், இல்லாவிட்டால் சீனி அடிமட்டத்துக்கு இறங்கிவிடும். அவர் விடியற்காலையில் துப்புரவு வேலைக்குப் போய் மத்தியானம் வீட்டுக்கு வருகிறவர். நான் சுவிசில், ஊஸ்டர் நகரத்து முதியோர் இல்லமொன்றின் சமையலறையில் பின்னேரம் வரை நிற்கிறவள். அப்பாவைப் பார்க்க ஆளில்லையே என்று மகள் அவருடைய போனில் ஒரு செயலியைப் போட்டுவிட்டாள். அது தமிழில் கதைக்கும். என்ன சாப்பிட்டார், எவ்வளவு நடந்தார் என்று கேட்டுக் குறித்துக்கொண்டு புத்திமதியும் சொல்லும்.

அதற்குப் பெண் குரல். "மதிய உணவு சாப்பிட்டீர்களா?" என்று செய்தி வாசிப்பவர் போலக் கேட்கும். இவர் போனைக் காதில் வைத்துக்கொண்டு, "ஓம் தங்கச்சி, சாப்பிட்டாச்சு" என்பார். ஒரு ஞாயிற்றுக்கிழமை, "நீங்கள் சாப்பிட்டீங்களோ?" என்று திருப்பிக் கேட்டதையும் என் காதால் கேட்டேன். கலியாணம் கட்டிய இவ்வளவு காலத்தில் என்னோடு அப்படிக் குழைந்து கதைத்ததில்லை. சிரிப்பும் வந்தது, எரிச்சலும் வந்தது.

ஆனாலும் நிம்மதியாக இருந்தேன். இடைவேளையில் நான் போன் எடுத்துக் கேட்டாலும் அதே பதில்தான்: "ஓம், சாப்பிட்டன்."

ஒரு நாள் மத்தியானம் ஓடைக்கரையில் நடந்துகொண்டிருந்தவர் அங்கே இருக்கப் போட்டிருந்த மரவாங்கில் சரிந்துவிட்டார். நாயோடு வந்த ஒரு பெண் கண்டு அம்புலன்ஸைக் கூப்பிட்டிருக்கிறாள். நான் வேலை உடுப்போடு ஆஸ்பத்திரிக்கு ஓடினேன்.

அங்கே டொக்டருக்கும் விளங்கவில்லை, எங்களுக்கும் விளங்கவில்லை. மகள் செயலியைத் திறந்து காட்டினாள். மதிய உணவு, சோறும் கறியும் என்று அதில் இருந்தது. சாப்பிட்டதற்குப் பிறகு நடக்கச் சொல்லியிருக்கிறது, இவரும் நடந்திருக்கிறார். சோறு சாப்பிட்ட மனிசனுக்குச் சீனி எப்படி இவ்வளவு இறங்கும்? குளிசை கூடிவிட்டதோ என்றார் டொக்டர். ஈரலைப் பார்க்க வேண்டும் என்றார். அப்போது கட்டிலில் கிடந்தவர் மெல்லத் தமிழில் வாயைத் திறந்தார்.

"நான் சாப்பிடேல்லை."

"பிறகேனப்பா சாப்பிட்டதெண்டு சொன்னனீங்கள்?" என்றாள் மகள்.

"அது கேட்டது."

"கேட்டால் உள்ளதைச் சொல்லுறதுதானே?"

"சாப்பிட்டியளோ எண்டு ஒரு ஆள் கேக்கேக்கை இல்லையெண்டு எப்பிடிப் பிள்ளை சொல்லுறது? பிறகு அதுக்கும் கரைச்சல்."

மகள் இங்கே பிறந்து வளர்ந்தவள். இதை ஜேர்மன் மொழியில் எப்படிச் சொல்வது என்று தடுமாறி, கடைசியில் 'மரியாதைக்காக' என்று சொன்னாள். "போனுக்கா?" என்று கேட்டார் டொக்டர். அவள் என்னைப் பார்த்தாள். நான் நிலத்தைப் பார்த்தேன்.

எனக்கு விளங்கியது. எங்கள் வீடுகளில் அந்த 'ஓம்' என்பதை யாரும் நம்புவதில்லை. சாப்பிட்டாச்சு என்று சொல்லச் சொல்லவே சோற்றுக் கோப்பையைக் கொண்டுவந்து முன்னால் வைப்பார்கள். செயலி அந்தச் சொல்லை அப்படியே நம்பிவிட்டது. நானும் அல்லவா நம்பியிருக்கிறேன்!

வீட்டுக்கு வந்ததும் கேட்டேன். "நான் வேலையிலை நிண்டு கேக்கேக்கை சொன்னதும் இப்பிடித்தானோ?"

"நீர் அங்கை நிண்டு யோசிப்பீர் எண்டு..." என்று இழுத்தார். தனிய இருந்து சாப்பிட மனம் வருவதில்லையாம்.

கோபம் பொத்துக்கொண்டு வந்தது. ஆனால் யாரோடு கோபிப்பது? செயலியோடா, இவரோடா, பேருக்குக் கேட்டுவிட்டு என் பாட்டில் வேலையைப் பார்த்த என்னோடா? மகள் செயலியை அழிக்கப் போனாள். "பாவம், அது ஒழுங்காத்தானே கேட்டது" என்று இவர் தடுத்துவிட்டார்.

அவருக்கு அந்தக் கிழமை முழுக்க லீவு. நான் வேலைக்குத் திரும்பிய அன்று இடைவேளையில் போன் எடுத்தேன். 'சாப்பிட்டீங்களோ' என்று வாய் வரை வந்ததை விழுங்கிவிட்டு, "என்ன சாப்பிட்டனீங்கள்?" என்று கேட்டேன்.

"பாணும் பருப்பும்."

தயங்காமல் வந்த பதில். மனம் ஆறியது. என் சாப்பாட்டுப் பெட்டியைத் திறந்தேன். உள்ளே சோற்றின் மேல் பருப்பு நிரம்பியிருந்தது. காலையில் சட்டியை மிச்சமில்லாமல் வழித்து அவர்தான் போட்டுத் தந்தவர்.

"இஞ்சேருங்கோ, பருப்பு என்னட்டை எல்லோ இருக்கு?"

மறுபக்கத்தில் அவர் தொண்டையைச் செருமினார். குளிசையைப் போட்டுவிட்டாரோ? அதைக் கேட்கவும் பயமாக இருந்தது. என்ன கேட்டாலும் ஓம் என்பார்.

"போனை வையாதேங்கோ," என்றேன். "அடுப்படிக்குப் போய் எதையாவது எடுத்து வாயிலை வையுங்கோ. நீங்கள் சப்புற சத்தம் எனக்குக் கேக்கோணும்."