பச்சையைத் துடைத்த கை

துரையின் குழந்தை சின்ன மிஸ்ஸியின் வயிற்றுக்குள் விஷம் போனது என் கையால்தான். தோட்டக்காரர் மாடசாமி அண்ணன் கையால் அல்ல. பதினோரு வருஷமாக இதை யாரிடமும் சொன்னதில்லை. முகம் தெரியாத உங்களிடம்தான் முதல்முதலாகச் சொல்கிறேன்.

இந்தத் தாளை யாராவது பங்களாவில் கொண்டுபோய்க் கொடுத்துவிட்டால்? அந்தத் துரை எப்போதோ சீமைக்குப் போய்விட்டார். இப்போது இருப்பவர் வேறு துரை. இதெல்லாம் தெரிந்தும் பயப்படுகிறேன். தெரிந்துகொண்டால் பயம் போய்விடும் என்று யார் சொன்னது!

என் பெயர் செல்லத்தாய். தென்காசிப் பக்கம் பிறந்து, கல்யாணம் முடிந்த கையோடு மலையேறியவள். புருஷனுக்குத் தேயிலை ஃபாக்டரியில் வேலை. மிஷன் பள்ளியில் ஐந்து வகுப்பு படித்தவள் என்பதால் எனக்கு மாட்டுப்பட்டிப் பக்கத்தில் ஒரு துரையின் பங்களாவில், குசினியில் சமையல் வேலை கிடைத்தது. துரைசாணி சொல்லச் சொல்ல அவர்கள் நாட்டுச் சமையலை நோட்டில் தமிழில் எழுதி வைத்துக்கொள்வேன். அதில் எனக்குக் கொஞ்சம் கர்வம்கூட இருந்தது.

பங்களாவுக்குப் பின்னால் ஆறு ஆப்பிள் மரங்கள் நின்றன. பழம் உள்ளங்கைக்குள் அடங்கும். பழுத்தாலும் பச்சை நிறம் மாறாது. கடித்தால் பல் கூசும். ஆகவே அதை வேகவைத்து மசித்துத்தான் சாப்பிடுவார்கள். துரைசாணி அதை சாஸ் என்பார். குசினியில் எங்களுக்கு அது ஆப்பிள் மசியல்.

தோலோடு துண்டு போட்டு, சர்க்கரையும் கொஞ்சம் தண்ணீரும் சேர்த்து, பட்டை, நாலு கிராம்பு, ஒரு துண்டு சுக்கு போட்டு மூடி வைக்க வேண்டும். குழைந்ததும் சல்லடையில் தேய்த்தால் தோல் மேலே தங்கிவிடும். அந்த வாசனை இருக்கிறதே! மழை மாதத்தில் பங்களா முழுவதும் பட்டையும் கிராம்பும் மணக்கும்.

அதை வேகவைக்க துரைசாணி ஒரு கட்டளை போட்டிருந்தார். வெள்ளைப் பீங்கான் பூசிய இரும்புச் சட்டியில்தான் வைக்க வேண்டும். வேறு எதிலும் கூடாது. நோட்டில் அதையும் என் கையால் எழுதி, கீழே கோடு இழுத்திருந்தேன்.

அப்புறம் ஏன் மீறினாய் என்று கேட்பீர்கள். கேளுங்கள்... கேட்க வேண்டியதுதான்.

கல்யாணமாகி ஆறு வருஷம் கழித்து அப்போதுதான் எனக்கு நாள் தள்ளிப்போயிருந்தது. மூன்றாம் மாதம். சோற்றைக் கண்டால் குமட்டும். புளிப்பைக் கண்டால் மட்டும் வாயூறும். அந்த மசியலில் ஒரு டம்ளர் எடுத்து மறைத்துவைத்துத் தின்ன வேண்டும் என்று நாலு நாளாக ஆசை அரித்துக்கொண்டிருந்தது. ஆனால் பீங்கான் சட்டியில் முந்தின நாள்தான் மாட்டிறைச்சி வெந்திருந்தது. எத்தனை தடவை தேய்த்துக் கழுவினாலும், அதில் வெந்ததை என் நாக்கு ஏற்காது. எங்கள் வீட்டில் அப்படி வளர்த்தார்கள்.

குசினி மூலையில் ஒரு செம்புக் குண்டான் இருந்தது. குளிக்க வெந்நீர் வைப்பதற்கு மட்டும் உள்ளது. இறைச்சி படாத பாத்திரம் அந்தக் குசினியில் அது ஒன்றுதான். சுத்தமான பாத்திரம்! அப்படித்தான் நினைத்தேன். வெறும் தண்ணீர் கொதிப்பதுதானே என்று அதற்கு இரண்டு வருஷமாக யாரும் ஈயம் பூசவில்லை. உள்ளே அடியில் செம்பு சிவப்பாகத் தெரிந்தது.

ஈயம் போன செம்பில் புளிப்பு வெகுநேரம் கிடந்தால் பச்சைக் களிம்பேறி விஷமாகும் என்று எனக்குத் தெரியாதா? எங்கள் ஊரில் புளிக்குழம்பு வைக்கத் தெரிந்த எந்தப் பெண்ணுக்கும் தெரியும். ஆனால் இதில்தான் இவ்வளவு சர்க்கரை கொட்டியிருக்கிறோமே, இது இனிப்புப் பண்டம்தானே, வெந்தவுடன் எடுத்துவிட்டால் என்ன என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன். வயிற்றாசைக்கு எந்தச் சமாதானமும் போதும்.

வெந்ததும் சூட்டோடு சல்லடையில் தேய்த்து, எனக்கு ஒரு டம்ளர் எடுத்துக்கொண்டேன். ஊதி ஊதித் தின்றேன். அமிர்தமாக இருந்தது. மிச்சத்தைக் குப்பிகளில் ஊற்ற வேண்டும். நாள் முழுக்க அடித்த மழையில் கழுவிக் கவிழ்த்த குப்பிகள் காயவில்லை. ஈரக் குப்பியில் ஊற்றினால் பூசணம் பிடிக்கும். காலையில் பார்த்துக்கொள்ளலாம் என்று மசியலை மறுபடியும் அந்தக் குண்டானிலேயே கொட்டி மூடிவிட்டு எங்கள் லயத்து வீட்டுக்குப் போய்விட்டேன்.

காலையில் மூடியைத் திறந்தேன். மசியலின் ஓரத்தில், பாத்திரத்தைச் சுற்றி, நூல் பிடித்தது போல ஒரு பச்சைக் கோடு.

அதைப் பார்த்தேன்! பார்க்கவில்லை என்று சொன்னால் இந்தத் தாளை எழுதுவதற்கே அர்த்தமில்லை. பார்த்த அடுத்த கணமே, இது பழத்தோலின் பச்சை என்று சொல்லிக்கொண்டேன். சல்லடையில் ஒதுங்கிய தோலின் பச்சை எப்படிப் பாத்திரத்தின் ஓரத்துக்கு வரும்? அதை நான் கேட்டுக்கொள்ளவில்லை. துணியை எடுத்துத் துடைத்தேன். துணியை அடுப்பில் போட்டேன். பழத்தோலின் பச்சைதான் என்று நம்பியிருந்தால் துணியை ஏன் எரித்தேன்?

அவ்வளவையும் கீழே கொட்டியிருந்தால் ஒரு வசவோடு போயிருக்கும்.

சின்ன மிஸ்ஸிக்கு ஐந்து வயது. காலையில் எழுந்ததும் வெறும் காலோடு குசினிக்கு ஓடி வரும். எங்களோடு பழகிப் பழகித் தமிழ் நன்றாகப் பேசும். மசியலைக் குப்பிகளில் ஊற்றும்போதே ஒரு கரண்டி ஊட்டினேன். "இன்னும், தாயி" என்றது. இன்னொன்று ஊட்டினேன். ஒரு கிண்ணம் முழுக்க நானே ஊட்டினேன். துரையும் துரைசாணியும் தொடும் முன்பே குழந்தை வயிற்றைப் பிடித்துக்கொண்டு சுருண்டுவிட்டது.

வாந்தி... பச்சையாக, நீலமாக. அதன் நிறத்தைக் கண்டதும் எனக்குப் புரிந்துவிட்டது. துரைசாணி கத்திய கத்தல் இன்றைக்கும் காதில் இருக்கிறது. ஆள் ஓடித் தோட்டத்து டாக்டரைக் கூட்டி வருவதற்குள் நான் செய்தது என்ன தெரியுமா? குழந்தையின் தலையைப் பிடித்தேனா? இல்லை. குசினிக்கதவைச் சாத்திக்கொண்டு, புளியும் சாம்பலும் போட்டுக் குண்டானைத் தேய்த்தேன். நகம் பெயரத் தேய்த்தேன். பிறகு அதில் தண்ணீர் நிரப்பி அடுப்பில் ஏற்றினேன்.

டாக்டர் குப்பியிலிருந்த மசியலில் ஒரு கத்தியைச் செருகி வைத்தார். கொஞ்ச நேரம் கழித்து எடுத்தபோது இரும்பு முனையில் செம்பு நிறம் ஏறியிருந்தது. செம்பு விஷம் என்றார். எந்தப் பாத்திரத்தில் வைத்தாய் என்று என்னைக் கேட்டார். அடுப்பில் குண்டான் கொதித்துக்கொண்டிருக்கிறது, நான் அதன் பக்கத்திலேயே நிற்கிறேன்.

"பீங்கான் சட்டியிலதாங்கய்யா" என்றேன்.

உண்மையைச் சொன்னால் திருடித் தின்றதும் வெளியே வரும். ஜெயில் என்று நினைத்தேன். மழையில் லயத்தை விட்டு இறக்கிவிட்டால் வயிற்றுக்குள் இருப்பது தங்குமா என்று நினைத்தேன். ஆறு வருஷம் காத்துக் கிடைத்தது! இதையெல்லாம் மன்னிப்புக்காகச் சொல்லவில்லை. என்ன நினைத்தேனோ அதைச் சொல்கிறேன்.

அப்போதுதான் துரைக்கு ஞாபகம் வந்தது. ஒரு மாதத்துக்கு முன்பு ஆப்பிள் மரங்களில் இலைப்புள்ளி விழுந்ததற்காக, மயில்துத்தமும் சுண்ணாம்பும் கலந்து அடிக்கச் சொல்லியிருந்தார். மயில்துத்தத்திலும் செம்புதான் இருக்கிறது என்றார் டாக்டர். அடித்தவர் தோட்டக்காரர் மாடசாமி அண்ணன். பழத்தைப் பறித்துக் கழுவிக் கொடுத்தவரும் அவரே. அவரைக் கூட்டி வந்தார்கள். அளவாகத்தான் கலந்தேன், அதற்கப்புறம் எவ்வளவோ மழை பெய்துவிட்டதே என்று அவர் சொன்னதை யாரும் காதில் வாங்கவில்லை.

குழந்தை பத்து நாள் கிடந்து பிழைத்தது. பிழைத்துவிட்டது என்று நீங்கள் மூச்சு விடுகிறீர்கள் இல்லையா? நானும் விட்டேன். அந்த மூச்சோடு உண்மையையும் விட்டிருக்கலாம். மாடசாமி அண்ணனை எந்தத் தோட்டத்திலும் சேர்க்கக் கூடாது என்று துரை சொல்லியனுப்பினார். மறுநாளே லயத்தைக் காலி செய்யச் சொன்னார்கள்.

புறப்படும் முன் அவர் குசினி வாசலுக்கு வந்தார். கோபமாக வரவில்லை. கண் சிவந்திருந்தது. அவருக்கும் பாத்திரம் பண்டம் தெரியும், தென்காசிக்காரர்தானே.

"செல்லத்தாயி, ஒண்ணே ஒண்ணு கேக்கேன். நீ வச்ச பாத்திரத்துல ஈயம் இருந்துதா?"

உலகத்திலேயே அந்தக் கேள்வியைக் கேட்டவர் அவர் ஒருவர்தான். இல்லை என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும்.

"பீங்கான் சட்டியிலதாண்ணே வச்சேன்."

அவர் தன் இரண்டு கைகளையும் விரித்துப் பார்த்தார். "அப்ப நாந்தான். நான்தான் சரியாக் கழுவல. அந்தப் புள்ள வாயில வெசத்த வச்சது நான்தான்" என்றார்.

என்னை நம்பினார்! வேலை போனதோடு விட்டிருந்தால் ஒரு பாவம். செய்யாத குற்றத்தைச் செய்ததாக ஒரு மனுஷனை நம்பவும் வைத்தேன். மனைவியும் இரண்டு பிள்ளைகளும் மூட்டையோடு பின்னால் வர, அவர் மழையில் இறங்கிப் போவதை ஜன்னல் வழியாகப் பார்த்துக்கொண்டு நின்றேன்.

அடுத்த மாதம் போடியிலிருந்து ஈயம் பூசுகிறவர் வந்தார். முதலில் அந்தக் குண்டானைத்தான் கொடுத்தேன். வெள்ளி போல வெளுத்து வந்தது. இனி யார் வந்து பார்த்தாலும் ஒன்றும் தெரியாது.

எனக்குப் பெண் பிறந்தாள். நல்லபடியாகப் பிறந்தாள். அவளுக்கு எதைக் கொடுத்தாலும் முதலில் நான் தின்பேன். தின்றுவிட்டுக் காத்திருப்பேன். வயிற்றில் ஒன்றும் செய்யவில்லை என்று தெரிந்த பிறகுதான் கொடுப்பேன். அடுத்தவர் வீட்டிலும் அப்படித்தான். என் புருஷன் இதைப் பைத்தியம் என்கிறார். அவரிடமும் காரணம் சொன்னதில்லை.

போன தை மாதம் நாத்தனார் மகள் கல்யாணத்துக்காகக் கம்பம்மெட்டு போயிருந்தோம். ஏலக்காய் உலர்த்தும் கொட்டகை வாசலில் ஒருவர் உட்கார்ந்து காய் பிரித்துக்கொண்டிருந்தார். தலை முழுக்க நரைத்திருந்தது. மாடசாமி அண்ணன் என்று அடையாளம் தெரிந்ததும் திரும்பி ஓடிவிடலாமா என்று பார்த்தேன். அவர் அதற்குள் என்னைக் கண்டுகொண்டார்.

சந்தோஷமாகத்தான் விசாரித்தார். சின்ன மிஸ்ஸி நன்றாக இருக்கிறதா என்றுதான் முதலில் கேட்டார். சீமையில் பெரிய பெண்ணாக வளர்ந்திருக்கும் என்றேன். "அந்தப் புள்ள நெனப்பு இல்லாத நாளு இல்ல தாயி" என்றார். மரம் செடி வேலைக்கு அதற்கப்புறம் போகவே இல்லையாம்.

என் மகளைப் பார்த்து மனைவியிடம் கொய்யாப்பழம் கொண்டுவரச் சொன்னார். வந்த பழத்தைத் தானே வாங்கி மூன்று தண்ணீரில் கழுவினார். கழுவிய பிறகும் அவர் அதைப் பிள்ளையிடம் நீட்டவில்லை. மனைவி கையில் கொடுத்து, கொடுக்கச் சொன்னார். என் மகள் கை நீட்டினாள்.

அதற்குள் என் கை முந்திக்கொண்டது. பழக்கம்... பத்து வருஷப் பழக்கம்! பழத்தைப் பிடுங்கி ஒரு கடி கடித்துவிட்டு, மகளைப் பொறு என்று சைகை காட்டினேன். கடித்த பிறகுதான் எங்கே நிற்கிறேன், யார் எதிரில் நிற்கிறேன் என்பது உறைத்தது.

மாடசாமி அண்ணன் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். முகத்தில் கோபம் இல்லை. தலையை மெல்ல ஆட்டினார்.

"நீ செய்யதுதான் சரி தாயி. என் கைப்பழத்த அப்படி நம்பிக் குடுத்திரக் கூடாது" என்றார்.

வாயில் கொய்யா இருந்தது. விழுங்கவும் முடியவில்லை, துப்பவும் முடியவில்லை. அந்தக் கொட்டகை வாசலில் என்னையும் அவரையும் அவர் மனைவியையும் என் மகளையும் தவிர யாரும் இல்லை. துரை இல்லை, டாக்டர் இல்லை, ஜெயில் இல்லை. சொல்லியிருக்கலாம்.

நேரமாகிவிட்டது என்று சொல்லி மகளின் கையைப் பிடித்துக்கொண்டு நடந்தேன்.