கெர்சோம் அண்ணை விட்டுப்போன பெயர்

கீழ்வீட்டு வெள்ளைக்கார ஃபிராவ் மாடிப்படியின் அடியில் நின்று, "கெர்சோம் இறந்துவிட்டாராம்" என்று ஜெர்மன் மொழியில் கூவினார். ஞாயிறு பின்னேரம். நாங்கள் அகதிகளாக வந்து தங்கிய ஷ்லீரன் நகரில், எங்கள் கட்டடத்தில் தொலைபேசி அவரிடம் மட்டும்தான் உண்டு. ஆகவே எங்கள் சாவுகளும் பிறப்புகளும் முதலில் அவர் வாயால்தான் வரும். செய்தியைக் கேட்டதும் நானும் என் மனைவி சரோவும் ஒருவரையொருவர் பார்க்கவில்லை. இரண்டு பேரும் திரும்பி, தரையில் இருந்து பாண் துண்டைக் கடித்துக்கொண்டிருந்த எங்கள் மகனைப் பார்த்தோம். அவனுக்கு இரண்டு வயது. அவன் பெயரும் கெர்சோம்.

அவன் கடித்துக்கொண்டுதான் இருந்தான். அதற்குப் பிறகுதான் அண்ணைக்காக அழவேண்டும் என்ற நினைப்பே எனக்கு வந்தது. பகிடி எழுதுகிறவனுக்குக் கண்ணீர் எப்போதும் ஒரு பஸ் பிந்தித்தான் வரும்.

அண்ணை எம்மன்புரூக்கே என்ற ஊரில் ஒரு வீட்டு ஜெபக்கூட்டத்துக்குப் போயிருக்கிறார். ஜெபம் முடிந்து தேத்தண்ணி குடித்திருக்கிறார். கோப்பையை வைத்துவிட்டுக் கதிரையில் சாய்ந்தவர் எழும்பவில்லை. அவரது அகதி விண்ணப்பம் கடைசியாகவும் நிராகரிக்கப்பட்டு, நாட்டைவிட்டுப் போகச் சொல்லிக் கொடுத்த தவணைக்கு இன்னும் ஒன்பது நாள் இருந்தது.

அவரை அறிந்து, இப்போது இதை வாசிக்கும் உங்களுக்கு நான் புதிதாக என்ன சொல்ல? எம்மன்புரூக்கேயில் உள்ளவர்கள் அவர் ஒரு பாதிரியார் என்றும், பிஷப்போடு சண்டைபிடித்து அங்கியைக் கழற்றி எறிந்தவர் என்றும் சொல்வார்கள். ஷ்லீரனில் உள்ளவர்களைக் கேட்டால், இந்தியாவில் அவருக்கு ஒரு மனைவியும் பெங்களூர்ப் பக்கம் ஒரு தோட்டமும் உண்டு என்பார்கள். இந்த இரண்டு கதைகளிலும் எனக்குப் பங்கு உண்டு. முதலாவதைக் கேட்டுப் பரப்பினேன், இரண்டாவதை நானே செய்தேன். தோட்டம் வேண்டாம் என்றுதான் முதலில் நினைத்தேன். மனைவி மட்டும் என்றால் ஒருவரும் நம்பமாட்டார்கள் போலிருந்தது.

நானும் அவரும் ஒரே சலவை ஆலையில் வேலை செய்தோம். ஆஸ்பத்திரிகளிலிருந்தும் ஹோட்டல்களிலிருந்தும் வரும் விரிப்புகளின் ஓரத்தில் உரியவரின் பெயர் தைக்கப்பட்டிருக்கும். பெயரைப் பார்த்துப் பிரித்து வண்டியில் போடுவது எங்கள் வேலை. எட்டு மணித்தியாலம் பெயர் வாசித்த பிறகும் அவருக்கு அலுக்காது. யாருக்காவது பிள்ளை பிறந்தால், "என்ன பேர் வைச்சவை?" என்றுதான் கேட்பார், ஆணா பெண்ணா என்று கேட்கமாட்டார்.

ஒரு மத்தியானம், விரிப்புக் குவியலின் மேல் இருந்து பாண் தின்னும்போது, அவர் பெயரின் அர்த்தத்தைக் கேட்டேன். நான் கேட்டது பகிடிக்கு. அவர் பகிடியாகச் சொல்லவில்லை.

"இருபது வயசு வரைக்கும் எனக்கும் தெரியாது, தம்பி. வீரன் எண்டு அர்த்தம் எண்டு அப்பு சொன்னவர். இறையியல் கல்லூரியிலை ரெண்டாம் வருஷம் எபிரேயம் படிப்பிச்சவை. கேர் எண்டால் பரதேசி. வந்தேறி. ஷாம் எண்டால் அங்கை. அங்கை ஒரு பரதேசி. மோசே மீதியானிலை ஒளிச்சிருக்கேக்கை பிறந்த பிள்ளைக்கு வைச்ச பேர். அண்டைக்குப் படிப்பை விட்டவன்தான்."

"அதுக்காகவோ அண்ணை படிப்பை விட்டனீங்கள்?"

"இன்னும் கேள். வேறை பண்டிதர்மார் என்ன சொல்லுகினம் எண்டால், அந்தப் பேர் 'துரத்து' எண்ட சொல்லிலையிருந்து வந்ததாம். பேர் வைக்கிறதுக்குக் கொஞ்சம் முன்னாலை, கிணத்தடியிலை தண்ணி அள்ள வந்த பொம்பிளைப் பிள்ளையளை மேய்ப்பர் துரத்துகினம். அங்கையும் அதே சொல்லுத்தான். எப்பிடிப் பார்த்தாலும் எனக்குத் தப்பேலாது."

அவருடைய தகப்பன் மலாயாவில் ரயில்வேக் கந்தோரில் எழுதுவினைஞர். மேலதிகாரியோடு பிணக்கு. ஊரை நினைத்து வெந்துகொண்டிருந்த ஒரு நாளில் பிள்ளை பிறந்திருக்கிறது. "தன்ரை கவலையை என்ரை தலையிலை எழுதிப்போட்டு அவர் ஆறுதலா பென்ஷன் எடுத்தார்" என்றார் அண்ணை. யுத்தம் மலாயாவிலிருந்து துரத்தியது. பிறகு கொழும்பிலிருந்து மூன்று கலவரங்கள் மூன்று முறை துரத்தின. கடைசித் தடவைதான் இங்கே வந்து சேர்ந்தார், அறுபதை நெருங்கிய வயதில்.

"மோசேக்கு ரெண்டாவது பெடியன் பிறக்க எலியேசர் எண்டு பேர் வைச்சவர். கடவுள் எனக்குத் துணை எண்டு அர்த்தம். அதுக்கிடையிலை தகப்பனுக்கு விசா கிடைச்சிட்டுது போலை" என்று சொல்லிச் சிரித்தார். அந்தப் பகிடியை அவருக்குத் தெரியாமல் மூன்று இடத்தில் என்னுடையதாகச் சொல்லியிருக்கிறேன். இப்போது திருப்பிக் கொடுக்கிறேன்.

அவரது தோல் பையை நீங்கள் எல்லோரும் பார்த்திருப்பீர்கள். வேலை செய்யும் மேசையின் கீழ் எப்போதும் கட்டியபடி இருக்கும். அறையில் ஆணி அடிக்கமாட்டார். பனிக்காலச் சப்பாத்து வாங்கமாட்டார். "இருக்கப்போறன் எண்டு காட்டினால் பேருக்குக் கேட்டிடும்" என்பார். ஒரு முறை நான் கட்டாயப்படுத்தி ஒரு சுவர்க் கலண்டரைக் கொடுத்து, அவர் அறையில் நானே கொளுவிவிட்டு வந்தேன். மலைப் படம் போட்ட கலண்டர். அடுத்த நாள் காலை அவருக்கு அகதி விண்ணப்பத்தை நிராகரித்து முதலாவது நெகட்டிவ் வந்தது. அண்ணை கலண்டரைச் சுருட்டிக் கொண்டுவந்து திருப்பித் தந்தார். என்ன செய்வதென்று தெரியாமல் அதைக் கீழ்வீட்டு ஃபிராவுக்குக் கொடுத்தேன். அவருக்கு ஒன்றும் நடக்கவில்லை. அவர் இந்த நாட்டுக்காரி.

இதையெல்லாம் தெரிந்துகொண்டும் நான் செய்த வேலையை இனிச் சொல்லவேண்டும்.

மகன் பிறந்தபோது எனக்கு நாற்பத்துநான்கு வயது. மூன்று நாளுக்குள் பெயரோடு பதிய வேண்டும் என்று ஆஸ்பத்திரியில் சொல்லிவிட்டார்கள். சரோ கட்டிலில் எழும்பி இருந்தாள். "துடக்குக் கழியிறதுக்கு முன்னம் பேர் வைக்கிறதோ? முப்பத்தொண்டாம் நாள் சடங்கு முடியாமல் பிள்ளையின்ரை காதிலை ஒரு பேரும் விழக்கூடாது, சொல்லிப்போட்டன்." நட்சத்திரம் புனர்பூசம், முதல் எழுத்து 'கே'. கேதீசன் என்று அவள் மனதில் முடித்துவிட்டாள். ஆனால் முப்பத்தொன்றுக்குப் பிறகுதான்.

என் ஜெர்மன் விரிப்புப் பிரிக்க மட்டும்தான் போதும். ஆகவே பதிவுக் கந்தோருக்கு அண்ணையைக் கூட்டிக்கொண்டு போனேன். கோட்டுப் போட்டு வந்தார். பையும் வந்தது. அங்கே இருந்த அதிகாரி நல்ல மனிதர். பெயரில்லாத பிள்ளையை எழுத அவரிடம் கட்டம் இல்லை, அவ்வளவுதான். கேதீசன் என்று சொல்லிப் பார்த்தோம். தடித்த புத்தகம் ஒன்றைப் புரட்டினார். அதில் இல்லை. ஆண் பெயர்தான் என்று உங்கள் தூதரகத்தில் கடிதம் வாங்கி வாருங்கள் என்றார். எந்த அரசாங்கத்துக்குப் பயந்து ஓடிவந்தோமோ அதனிடம் போய்ப் பெயருக்குச் சாட்சி கேட்பதா?

"அண்ணை, இப்போதைக்கு எதையாவது போடச் சொல்லுங்கோ. முப்பத்தொண்டு கழிய மாத்துவம்" என்றேன்.

"தம்பி, இவையிட்டை அழிரப்பர் இல்லை."

நான் நம்பவில்லை. எங்கள் ஊரில் ஒருவனுக்குப் பதிவில் ஒரு பெயர், வீட்டில் ஒரு பெயர், பள்ளிக்கூடத்தில் இன்னொன்று. என் மாமா ஒருவர் கல்யாண எழுத்து அன்றுதான் தன் பதிவுப் பெயரைக் கேள்விப்பட்டார். பதிவுப் பெயர் என்பது பெட்டிக்குள் கிடக்கும் ஒரு கடதாசி. அந்த நினைப்பில், 'கே'க்குக் கிட்டவாவது தொடங்க வேண்டுமே என்று மட்டும் பார்த்து, பக்கத்தில் நின்றவரின் பெயரைச் சொல்லிவிட்டேன்.

"கெர்சோம்."

அதிகாரியின் முகம் மலர்ந்தது. புத்தகத்தில் இருந்தது. வேதத்துப் பெயர், ஆண் பெயர். விரலை வைத்து அர்த்தத்தையும் சத்தமாக வாசித்தார். பிறகு மேசையில் கிடந்த என் அகதி அட்டையைப் பார்த்தார். "பாஸ்ட்" என்றார். பொருந்துகிறது என்று அர்த்தம். மையால் எழுதினார்.

அதுவரை ஒவ்வொரு சொல்லையும் மொழிபெயர்த்த அண்ணை, அதை மட்டும் மொழிபெயர்க்கவில்லை. ரயில் மேடையில் நிற்கும்போதுதான் வாய் திறந்தார்.

"உனக்கு எல்லாம் பகிடி. நான் பிள்ளை குட்டி இல்லாமல் இருந்தது ஏனெண்டு நினைச்சாய்? இந்தப் பேர் என்னோடை முடியட்டும் எண்டுதான்."

முப்பத்தோராம் நாள் சரோ பிள்ளையின் காதில் கேதீசன் என்று மூன்று முறை ஓதினாள். கந்தோரில் மாற்றப் போனோம். மாற்றுவதென்றால் மாநில அரசுக்கு விண்ணப்பிக்க வேண்டும், தக்க காரணம் காட்ட வேண்டும், வருடங்கள் ஆகலாம் என்றார்கள். அர்த்தம் தெரிந்த அன்று சரோ என்னோடு கதைப்பதை நிறுத்தினாள். எங்கள் அகதி வழக்கும் தீர்ப்பில்லாமல் கிடந்தது. தபால்காரன் மணி அடிக்கும்போதெல்லாம் பிள்ளையைத் தூக்கி நெஞ்சோடு வைத்துக்கொள்வாள். இரண்டு வருடத்தில் அவள் வாயால் அந்தப் பெயரை ஒரு முறைகூடச் சொல்லவில்லை. பிள்ளை பராமரிப்பு நிலையத்தில் நாள் முழுக்கக் கெர்சோம். பின்னேரம் ஐந்து மணிக்கு மேல் கேதீசன்.

பெயர் மாற்ற விண்ணப்பத்தை எழுதியது அண்ணை. ஒன்றல்ல, ஐந்து கடிதம். தன் சொந்த வழக்குக்கு இரண்டு வரியில் மேன்முறையீடு எழுதிய மனிதர், இதற்குப் பக்கம் பக்கமாக எழுதினார். மோசே, கிணற்றடி, வேர்ச்சொல் எல்லாம் போட்டு, இந்தப் பெயர் ஒரு தகப்பனின் முறைப்பாடு, பிள்ளை அதைச் சுமக்கத் தேவையில்லை என்று முடித்திருந்தார்.

"உங்கடை வழக்குக்கும் கொஞ்சம் எழுதலாமே அண்ணை?" என்று கேட்டேன்.

"என்னைத்தான் அதுக்குத் தெரியுமே. பெடியனை அது இன்னும் வடிவா அறியேல்லை. அதுக்கிடையிலை கழட்டிப்போட வேணும்."

தன் பெயரை 'அது' என்றுதான் சொல்வார், பின்னால் வரும் ஒரு ஆளைச் சொல்வது போல. நான் சிரிக்கத்தான் பார்த்தேன். ஆனால் அவர் சொல்லும்போது ஆலையின் நீராவிக்குள் யாரோ நின்று கேட்டுக்கொண்டிருப்பது போல இருக்கும்.

கடைசி நெகட்டிவ் வந்த கிழமை, ஒரு பெட்டியோடு வீட்டுக்கு வந்தார். உள்ளே சிறுபிள்ளையின் பனிச் சப்பாத்து. சரோ போட்டுப் பார்த்தாள். காலைவிட இரண்டு அளவு பெரிது.

"பெரிசா இருக்கு அண்ணை."

"வளருவான், பிள்ளை. இஞ்சைதான் வளருவான்."

தனக்கென்று ஒரு சப்பாத்தும் வாங்காத மனிதர், அடுத்த பனிக்கும் அதற்கடுத்த பனிக்கும் ஒரு சப்பாத்து வாங்கியிருந்தார். சொல்லிவிட்டு, பின்னால் யாரும் கேட்டுவிட்டார்களோ என்பது போல வாசலைத் திரும்பிப் பார்த்தார்.

மழையில் அடக்கம் நடந்தது. உங்களில் பலர் வந்திருந்தீர்கள், என்னைவிட நன்றாக அழுதீர்கள். குழி வெட்டியவரிடம் விசாரித்தேன். எனக்கு எதையாவது விசாரிக்காவிட்டால் பொழுது போகாது. இருபது வருடம் இந்த இடம் அவருக்கு, பிறகு கல்லை எடுத்துவிட்டு வேறொருவருக்குக் கொடுப்போம், இங்கே எல்லோருக்கும் அப்படித்தான் என்றார். அண்ணைக்கு இந்த நாடு கொடுத்த முதலாவது நீண்டகாலப் பெர்மிட். அதற்கும் தவணை உண்டு. இதைப் பக்கத்தில் நின்றவருக்குச் சொல்லிச் சிரிக்க வாயெடுத்தேன், அப்போதுதான் பார்த்தேன்.

பெட்டியைக் கயிற்றில் இறக்கிக்கொண்டிருந்தார்கள். எங்கள் மகன் அந்தப் பெரிய சப்பாத்தைப் போட்டுக்கொண்டு, ஈரப் புல்லில் சறுக்கிச் சறுக்கி, நேரே குழியை நோக்கிப் போய்க்கொண்டிருந்தான். "கேதீசா!" என்று சரோ கத்தினாள். திரும்பவில்லை. "கேதீசா!" அவன் குழியின் விளிம்புப் பலகையில் கால் வைத்தான்.

"கெர்சோம்! போகாதை! இஞ்சை வா, கெர்சோம்!"

கயிறு பிடித்தவர்கள் உறைந்து நின்றார்கள். பெட்டி பாதியில் தொங்கியது. ஜெபம் சொன்னவரின் வாய் திறந்தபடி இருந்தது. ஒரு கிழவி சிலுவை போட்டுக்கொண்டாள். பிள்ளை மட்டும் திரும்பி, அம்மாவைப் பார்த்துச் சிரித்துக்கொண்டு வந்தான்.

பன்னிரண்டு நாள் கழித்து மாநில அரசிலிருந்து கடிதம் வந்தது. மணி அடித்ததும் சரோ வழக்கம்போலப் பிள்ளையைத் தூக்கினாள். எங்கள் வழக்கின் தீர்ப்பு அல்ல. பெயர் மாற்ற விண்ணப்பம் ஏற்கப்பட்டது. விண்ணப்பதாரர் காட்டிய காரணங்கள் தக்கவை என்று கண்டிருந்தார்கள். புதிய பெயரை எழுத ஒரு கோடு விட்டு, முப்பது நாள் தவணை கொடுத்திருந்தார்கள். அண்ணையின் எழுத்துக்கு அரசாங்கம் ஒன்று சம்மதித்துச் சொன்ன முதலாவது ஓம்.

நான் பேனையை எடுத்து வந்தேன். சரோ கடிதத்தைத் திரும்ப உறைக்குள் வைத்தாள்.

"அண்டைக்குக் கூப்பிட்டவுடனை திரும்பினவன்" என்றாள்.

"அர்த்தம் தெரியுந்தானே?"

"தெரியும். துரத்துறவை வந்தால் எந்தப் பேரெண்டு கேட்டோ துரத்துவினம்? கூப்பிட்டால் திரும்பி வாறானோ எண்டதுதான் எனக்கு."

முப்பது நாள் நேற்றோடு முடிந்தது. கோடு வெறுமையாகத்தான் இருக்கிறது. நாங்கள் செய்தது சரியோ பிழையோ என்று அண்ணையிடம் கேட்க முடியாது. கேட்டால் ஏசியிருப்பார், ஏசிவிட்டு முகத்தைத் திருப்பியிருப்பார். அவருடைய பையை எம்மன்புரூக்கேக்காரர் எங்களிடம் தந்தார்கள். கட்டவிழ்க்காமல் அலுமாரியின் மேல் வைத்திருக்கிறோம். சப்பாத்து இன்னும் பெரிதாகத்தான் இருக்கிறது. எங்கள் தீர்ப்பு இன்னும் வரவில்லை.

இன்று காலையும் மணி அடித்தது. பிள்ளை முதலில் ஓடினான். குசினிக்குள் இருந்து சரோ கூப்பிடுவது கேட்டது.

"கெர்சோம், கதவைத் திறவாதை. அம்மா வாறன்."