முட்டை ஊற்றாத மூலை

பள்ளிக்கூடத்தில் கோடு போட நான் வைத்திருந்த மர ஸ்கேல், தோசைக்கல் வாங்கவும் உதவும் என்று அதுவரை எனக்குத் தெரியாது. திருவள்ளூர் கடைத்தெருவில் இரும்புச் சாமான் விற்கும் கடை வாசலில் என் மகனும் அவன் கூட்டாளியும் ஒவ்வொரு கல்லாகத் தரையில் கிடத்துவார்கள். நான் ஸ்கேலைக் குத்தாக அதன்மேல் நிறுத்திக் குனிந்து பார்ப்பேன். ஸ்கேலுக்கும் இரும்புக்கும் நடுவே வெளிச்சம் தெரிந்தால் அந்தக் கல் வேண்டாம். அந்த யோசனை கூட்டாளியுடையது.

மகன் எஸ்.எஸ்.எல்.சி. முடித்துவிட்டு, கும்மிடிப்பூண்டிப் பக்கம் புதிதாக வந்த தொழிற்சாலை ஒன்றில் தற்காலிக வேலை பார்த்தான். வேலை போயிற்று. கூடவே வேலை போன இன்னொருவன்தான் இந்தக் கூட்டாளி. கழுத்தில் கறுப்புக் கயிற்றில் சின்னச் சிலுவை கட்டியிருப்பான். அவன் வீட்டுப் பெரியவர்கள் எல்லாம் அடுத்தவர் நிலத்தில் கூலிக்கு நாற்று நட்டவர்கள். காலை ஷிஃப்டுக்கு வருகிறவர்களுக்கு நாஷ்டா சாப்பிட அந்தப் பக்கம் ஒரு இடம் இல்லை, தொழிற்சாலை கேட்டுக்கு எதிரே ஒரு கொட்டகை போட்டால் பிழைத்துக்கொள்ளலாம் என்று இருவரும் முடிவு செய்திருந்தார்கள்.

என் கணவர் கோவில் மடப்பள்ளியில் தளிகை செய்கிறவர். மகனும் அங்கே வரவேண்டும் என்பது அவர் ஆசை. கொட்டகை விஷயம் தெரிந்த நாளிலிருந்து அவனிடம் அதைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. கோபமா, துக்கமா என்று எனக்குப் பிடிபடவில்லை. நான் சிறு குழந்தைகளுக்குப் பாடம் சொல்கிறவள். குழந்தை அழுதால் ஏன் அழுகிறது என்று கண்டுபிடித்துவிடுவேன். வீட்டில் பெரியவர்கள் வாயை மூடிக்கொண்டால் என்னால் ஒன்றும் கண்டுபிடிக்க முடிவதில்லை.

அன்று கடையில் பளபளவென்று ஒரு பெரிய கல் இருந்தது. ஸ்கேலும் அதில் சரியாக உட்கார்ந்தது. நான் அதையே எடுக்கலாம் என்றேன். கூட்டாளி ஒரு காசால் அதைத் தட்டிக் காது கொடுத்துக் கேட்டான்.

"இது வார்ப்பு, டீச்சரம்மா. சூட்டுல தண்ணி பட்டா படார்னு விரிசல் உட்டுரும்."

"தண்ணி ஏன் படணும்?"

"தண்ணி தெளிக்காம தோச ஊத்துறது எப்பிடி? அத்தோட புதுக் கல்லு பேஜாரும்மா. அது பழகறதுக்குள்ள நாம கடைய மூடிருவோம்."

கடைசியில் அவன் தன் அம்மாவின் கல்லைக் கொட்டகை போடுகிற இடத்துக்குக் கொண்டுவந்தான். அந்த அம்மாள் ரயில்வே கேட் ஓரத்தில் காலையில் தோசையும் சாயங்காலம் வறுத்த மீனும் விற்றவர். கண் மங்கிப்போனதால் நிறுத்திவிட்டார். கல் என்றால் வார்ப்பு இல்லை, சுண்டுவிரலில் பாதிக் கனம் இருக்கும் இரும்புத் தகடு. மழையில் நனைந்த எருமை முதுகு மாதிரி கறுப்பு. ஸ்கேலை வைத்தேன். மயிரிழை வெளிச்சம்கூட இல்லை.

"சூடு கீறப்பவே சுரண்டிட்டு, ஈரச் சாக்கால தொடைச்சி, எண்ண காட்டி வெச்சிடணும். அவ்ளோதான்," என்றான். "சோப்பு காட்டக் கூடாது, புளி காட்டக் கூடாது. எங்கம்மா என்னப் போட்டு அடிச்சிருக்கு, இத ஒரு தபா கூட தேய்ச்சதில்ல."

என் மகன் சிரித்தான். எங்கள் வீட்டுத் தோசைக்கல்லுக்கும் அதே சட்டம்தான். என் கணவருக்கும் அது தெரியும். பின்னால் நடந்ததை நினைக்கும்போது என்னைக் குழப்புவது அதுதான்.

கல்லுக்கு ஏற்ற அளவில் இரும்பு அடுப்பு செய்ய வேண்டியிருந்தது. எங்கள் ஊர் திருவள்ளூரில் வெல்டிங் பட்டறை ஒன்றில் சொல்லியிருந்தோம். அளவு பார்க்கக் கல் அவர்களுக்குத் தேவைப்பட்டதால் மகன் அதை பஸ் மேல் போட்டு வீட்டுக்குக் கொண்டுவந்து கொல்லையில் சாத்தினான். அளவெடுத்து அடுப்பும் முடிந்தது. மகன் கொட்டகைக்குக் கீற்று வேயப் போய்விட்டான். கல் மட்டும் எங்களோடு இருந்தது.

சனிக்கிழமை பள்ளிக்கூடம் அரை நாள். வீட்டுக்குள் நுழைந்தபோதே புகை. கொல்லையில் வறட்டிகளைக் கோபுரமாக அடுக்கி, நடுவில் அந்தக் கல்லை வைத்து என் கணவர் கொளுத்தியிருந்தார். நடுப்பகுதி சிவந்து கிடந்தது. அவர் ஈர வேட்டியோடு பக்கத்தில் நின்று பாசுரம் சொல்லிக்கொண்டிருந்தார்.

"ஏன்னா, என்ன இது?"

"அக்னி பட்டா எல்லா தோஷமும் போயிடும்."

"அது தோசைக்கல்லுன்னா! பழகின கல்லு!"

"எனக்குத் தெரியாதா? மடப்பள்ளியில இத்தனை வருஷமா நான் என்ன பூவா தொடுக்கறேன்? திரும்பப் பழக்கிக்கலாம்."

சொல்லிக்கொண்டே கிணற்றுத் தண்ணீரைக் குடம் குடமாக அதன்மேல் கொட்டினார். கல்லிலிருந்து டங்கென்று ஒரு சத்தம் வந்தது. இரும்பு அப்படிக் கத்தும் என்று நான் நினைத்ததில்லை.

ஆவி அடங்கியதும் அவர் சொன்னார்: "திங்கக்கிழமை நானும் வரேன். முதல் தோசை எனக்குத்தான்னு அவன்கிட்ட சொல்லு."

கடையைப் பற்றி அவர் வாயைத் திறந்ததே அப்போதுதான். மகன் சுட்டதைச் சாப்பிட அவருக்கு ஆசை. மீன் வறுத்த கல்லில் சாப்பிட முடியாது. ஆகவே கல்லைக் கொளுத்தியிருக்கிறார். அவர் கணக்கு அவ்வளவு நேராக இருந்தது. சந்தோஷப்படுவதா, தலையில் அடித்துக்கொள்வதா என்று தெரியாமல் உள்ளே போய் ஸ்கேலை எடுத்துவந்தேன். கல்லின் மேல் வைத்தேன். நடுவில் என் விரல் நுனி நுழைகிற அளவுக்கு இடைவெளி. கல் குழிந்துவிட்டது. எருமை நிறம் போய், புறா கழுத்து மாதிரி நீலமும் சாம்பலுமாக இருந்தது.

ஞாயிறு வந்த மகனிடம் எல்லாவற்றையும் சொன்னேன். கல்லைத் தடவிப் பார்த்தான். அப்பாவிடம் எதுவும் கேட்கவில்லை. என்னிடம் மட்டும், "அவன்கிட்ட சொல்லிடாதேம்மா. என்னன்னு சொல்றது, சொல்லு?" என்றான். பட்டறைக்காரர் சுத்தியலால் தட்டிப் பார்த்தார். குழி கொஞ்சம் குறைந்த மாதிரி இருந்தது. சாக்கில் சுற்றி எடுத்துப்போனான்.

திங்கள் விடிகாலை பெரியபாளையம் வழியாக பஸ் மாறி நானும் கணவரும் போய்ச் சேர்ந்தபோது, கொட்டகை முன்னால் சைக்கிள்கள் நிறைய நின்றன. கூட்டாளி எங்களைப் பார்த்ததும், "வாங்க சாமி, வாங்க டீச்சரம்மா," என்று பெஞ்சைத் துடைத்தான். பிறகு சாக்கைப் பிரித்தான்.

"இன்னாடா, கல்லு நீலமா கீது?"

"எண்ண தடவிக் கீதுடா. வெளிச்சத்துல அப்பிடித் தெரியுது," என்றான் என் மகன். வீட்டில் பேசாத பேச்சு அவன் வாயில் சுலபமாக வந்தது.

அடுப்பில் ஏற்றி எண்ணெய் விட்டார்கள். எண்ணெய் எல்லாம் ஓடிப்போய் நடுவில் தேங்கியது. மாவை ஊற்றித் தேய்த்தால் நடுவில் வேகவில்லை, ஓரத்தில் காய்ந்து ஒட்டிக்கொண்டது. கரண்டியால் எடுக்கப் போனால் கிழிந்தது.

"இன்னாபா, கல்லுல சோழவரம் ஏரிய கட்டி வெச்சிக்கிற?" என்றார் ஒரு தொழிலாளி.

"நைனா, தோச கேட்டா சொறிஞ்சி சொறிஞ்சி குடுக்கிறியே!" என்றார் இன்னொருவர். எல்லோரும் சிரித்தார்கள். அதற்குள் சிலர் சைக்கிளைத் திருப்பிவிட்டார்கள். முதல் நாளே போனவர்கள் மறுநாள் வருவார்களா?

கூட்டாளி அடுப்பின் முன் குனிந்து கல்லைப் பார்த்தான். பிறகு என் மகனைப் பார்த்தான்.

"கல்ல யாருடா கொளுத்துனது?"

என் கணவர் பெஞ்சிலிருந்து எழுந்து முன்னால் போனார்.

"நான்தான்."

"எதுக்கு சாமி?"

பெருமாள் முன்னால் மூச்சு விடாமல் பாசுரம் சொல்கிறவர் அவர். அங்கே வார்த்தை தேடிக்கொண்டு நின்றார். "நான் சாப்பிடணும்ப்பா. அதுக்குத்தான்," என்றார்.

கூட்டாளிக்கு அது உடனே புரிந்துவிட்டது. அவன் முகத்தைப் பார்த்தால் தெரிந்தது. "எங்கம்மா இதுல சுட்டத ஊரே துன்னுச்சு, சாமி. யாருக்கும் ஒண்ணும் ஆவல," என்றான். குரலை உயர்த்தவில்லை.

பிறகு எனக்கு முதுகைக் காட்டி நின்று வேலையைப் பார்த்தான். மாவைப் பரப்பாமல் குழியிலேயே கனமாக ஊற்றி, அதன்மேல் முட்டையை உடைத்து ஊற்றி, வெங்காயத்தைத் தூவினான். குழிக்குள் அது நன்றாக நின்றது. "முட்ட தோச! முட்ட தோச!" என்று என் மகன் கத்தினான். தொழிற்சாலைச் சங்கு ஊதும்வரை இருவருக்கும் கை ஓயவில்லை. அந்தக் காலை தப்பித்தது.

சங்கு ஊதி, கூட்டம் உள்ளே போனது. இரவு ஷிஃப்ட் முடிந்து வெளியே வந்த சிலர் மட்டும் இருந்தார்கள். என் கணவர் கையில் மந்தாரை இலையோடு இன்னும் நின்றுகொண்டிருந்தார். முதல் தோசைக்காக வைத்திருந்த இலை.

கூட்டாளி திரும்பினான். "முட்ட ஊத்திட்டேனே, சாமி. இப்ப இன்னா பண்றது? இன்னொரு தபா கொளுத்தட்டுமா?"

நின்றவர்கள் சிரித்தார்கள். அவனும் சிரித்தான். அந்தச் சிரிப்பைத்தான் இன்றுவரை என்னால் தரம் பிரிக்க முடியவில்லை. குத்தலா? விட்டுத் தள்ளுகிறேன் என்று சொன்னதா? சிரித்துக்கொண்டே அவன் கல்லைச் சுரண்டினான், ஈரச் சாக்கால் துடைத்தான், பாதி வெங்காயத்தைக் கத்தியில் குத்திக் கல் முழுக்கத் தேய்த்தான், புது எண்ணெய் விட்டான். ஒரு தோசையை ஊற்றி, கிழியாமல் எடுத்து, அவர் இலையில் போட்டான்.

அவர் இலையை மடித்தார். சாப்பிடவில்லை. "வரேன்ப்பா," என்று அவனிடம் சொல்லிவிட்டு பஸ் நிறுத்தத்தைப் பார்த்து நடந்தார். பஸ்ஸில் அந்தப் பொட்டலம் அவர் மடியில் இருந்தது. வீட்டுக்கு வந்தபோது இல்லை. எங்கே போயிற்று என்று எனக்குத் தெரியாது.

அன்று கடையை விட்டுப் புறப்படும் முன் மகன் என்னைத் தனியாக அழைத்து, "அப்பா இனிமே இங்க வரவேண்டாம்மா. நானும் அங்க வரல," என்றான். அதன்படியே நடந்துகொண்டான். கொட்டகையிலேயே தூங்குகிறான். சாப்பாடு கூட்டாளியின் வீட்டில்.

போன மாதம் நான் மட்டும் போனேன். கடை நன்றாக நடக்கிறது. வேறு கல் போட்டிருந்தார்கள். பட்டறையில் வெட்டி வாங்கிய நீளமான, கனமான தகடு. நன்றாகக் கறுத்துவிட்டது. பழைய கல், அடுப்பில் காற்று அடிக்காமல் மறைப்பாகப் பின்னால் நின்றது.

"அம்மாகிட்ட சொன்னியாப்பா?" என்று கூட்டாளியைக் கேட்டேன்.

"இன்னும் இல்லம்மா. அதுக்குக் கண்ணு தெரியாது. ஆனா கைக்குத் தெரியும். அதான் பயம்."

அவன் சுடுவதைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். நல்ல கூட்டம். கல் முழுவதும் முட்டை தோசை, பொடிமாஸ் என்று நிரம்பி வழிந்தது. ஒரு மூலை மட்டும் சும்மா காய்ந்துகொண்டிருந்தது. வரிசையில் நின்றவர் ஒருவர், "அந்த மூலைய இன்னாபா வாடகைக்கு உட்டுட்டியா? அதுலயும் ஒண்ணு ஊத்து," என்றார்.

"அது வேற ஆளுக்கு," என்றான் கூட்டாளி.

"யாருக்கு?" என்று நான் கேட்டேன்.

"சாமிக்குத்தான். அங்க முட்ட ஊத்தமாட்டேன். தொடைக்கிற சாக்கும் தனி. என்னிக்காவது வந்து நின்னார்னா இன்னா பண்றது?"

என் மகன் தட்டுகளைக் கழுவிக்கொண்டிருந்தான். தட்டை டமாரென்று வைத்தான். "நாலு தோச ஊத்துற எடத்தக் காலியா உட்டுக்கினு கீறான். எத்தினி தபா சொல்லிட்டேன்! அவரு உன் கல்லக் கொளுத்துனாரு, நீ அவருக்கு மூல உடறியா? ரோஷம் வேணாம்?"

"என் கல்லு, என் ரோஷம். உனக்கு இன்னாடா?"

"எனக்கு இன்னாவா? அவரு என் அப்பாடா!"

"அதான் உடறேன்."

இருவரும் முறைத்துக்கொண்டார்கள். பிறகு யாரோ தோசை கேட்க, திரும்பி வேலையைப் பார்த்தார்கள். மகன் சொன்னது நியாயமாகப் பட்டது. கூட்டாளி சொன்னதும் பட்டது. இரண்டும் எப்படி நியாயமாக இருக்க முடியும்? பையில் பழக்கத்தில் எடுத்துவந்த ஸ்கேல் இருந்தது. எடுத்துக் கல்லில் வைத்துப் பார்க்கவில்லை. வைக்கிற அருகதை எங்களுக்கு உண்டா என்று தெரியவில்லை.

வீட்டுக்கு வந்து அவரிடம் சொல்லலாமா என்று நெடுநேரம் யோசித்தேன். கோவிலில் சாயரட்சை முடிந்து வந்தவருக்குக் குடிக்கத் தீர்த்தம் கொடுத்துவிட்டுச் சொல்லிவிட்டேன். அவர் சொம்பைக் கீழே வைக்கவில்லை.

"எந்த மூலை?"

"இடது மூலை."

"அவன் நிக்கற பக்கத்துக்கு இடதா, நாம நிக்கற பக்கத்துக்கா?"

நான் எங்கே நின்றேன், அவன் எங்கே நின்றான் என்று கையால் காற்றில் திருப்பித் திருப்பிப் பார்த்தேன். அவரும் தரையில் விரலால் நீளமாக ஒரு கட்டம் போட்டு, ஒரு மூலையைத் தொட்டார், பிறகு எதிர் மூலையைத் தொட்டார், என் முகத்தைப் பார்த்தார்.

"எனக்குத் தெரியலையேன்னா," என்றேன். "நீங்களே போய்ப் பாருங்கோ."

அவர் விரலைத் தரையிலிருந்து எடுத்தார். காலையில் கும்மிடிப்பூண்டிக்கு முதல் பஸ் எப்போது என்று கேட்டார்.