ஐகோர்ட்டில் சொன்ன வசவு

எழுபதுகளின் நடுவில் மந்தைவெளியில் ஓர் அறையும் அடுப்படியுமான போர்ஷனில் தனியாகக் குடியிருந்தேன். தி.நகர் ஜவுளிக்கடை ஒன்றுக்கு ரவிக்கை தைத்துக்கொடுப்பது என் பிழைப்பு. வீட்டுச் சொந்தக்காரர் செத்ததும் அவருடைய தங்கை மகன் வந்து, வீடு தன்னுடையது, எல்லோரும் காலி செய்யுங்கள் என்றான். மற்றக் குடித்தனங்கள் பயந்து போய்விட்டன. நான் போகவில்லை. வீரம் ஒன்றும் இல்லை. போக இடம் இல்லை.

ஒருநாள் குழாயடியில் எல்லோரும் பார்க்க, என் முகத்தில் திராவகம் ஊற்றுவேன் என்றான். கையில் ஒரு பாட்டிலும் இருந்தது. அன்றிலிருந்து தையல் மிஷினை ஜன்னலை விட்டுத் தள்ளிப் போட்டு, அரை இருட்டில் தைத்தேன்.

ஸ்டேஷனுக்கு மூன்று முறை போனேன். மூன்று முறையும் அதே ஏட்டு.

"வூட்டுத் தகராறும்மா இது. சிவில் மேட்டர். நாங்க தலையிடக் கூடாது."

"மூஞ்சில ஊத்துனா அதுவும் சிவிலா?"

"ஊத்துனப்பறம் வா, பாக்கலாம்."

அந்தப் பதிலை இன்றுவரை நான் மன்னிக்கவில்லை.

என்னிடம் ரவிக்கை தைத்துக்கொள்ளும் மயிலாப்பூர் அம்மாள் ஒருவரின் மகன் வக்கீல். அவர்தான் ஐகோர்ட்டில் மனுப் போட்டார். "ஜட்ஜ் கேட்டா மட்டும் பேசுங்கோ. கோவப்படப்படாது," என்று வழியெல்லாம் சொல்லிக்கொண்டு வந்தார்.

சிவப்புக் கட்டடத்தைப் பார்த்து நான் மிரளவில்லை. பெரிய கட்டடங்கள் என்னை எப்போதும் வெளியேதான் நிறுத்தியிருக்கின்றன.

நீதிபதி வயதானவர், குரல் மெல்லிசு. மனுவைப் படித்துவிட்டு வக்கீலைப் பார்த்தார். "ஆபாசமா மிரட்டினான்னு எழுதியிருக்கீங்க. என்ன சொன்னான்?" வக்கீல் தொண்டையைக் கனைத்தார். அதை வாயால் சொல்ல அவருக்கு வரவில்லை. நீதிபதி என் பக்கம் திரும்பினார்.

"நீங்க சொல்லுங்கம்மா."

"அப்படியே சொல்லட்டுங்களா?"

"அப்படியேதான் வேணும்."

சொன்னேன். "வூட்டக் காலி பண்லேன்னா மூஞ்சில திராவகம் ஊத்துவேன், அப்பறம் எவன் உன்னத் திரும்பிப் பாப்பான்னு பாக்குறேன்" என்றதையும், அதற்கு முன்னால் போட்ட கெட்ட வார்த்தையையும். யாரோ இருமினார்கள். வக்கீல் காகிதக் கட்டுக்குள் முகத்தை வைத்துக்கொண்டார்.

நீதிபதி முகம் சுளிக்கவில்லை. பக்கத்திலிருந்த குமாஸ்தாவுக்கு இங்கிலீஷில் உத்தரவைச் சொல்லத் தொடங்கினார். எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. திடீரென்று அந்த இங்கிலீஷுக்கு நடுவில் குழாயடி வசவு வந்தது. வூட்ட, மூஞ்சி, திராவகம், அந்தக் கெட்ட வார்த்தை. ஒன்றையும் மாற்றாமல், ஒன்றையும் விடாமல், நிறுத்தி நிறுத்திச் சொன்னார். குமாஸ்தா குனிந்து எழுதிக்கொண்டார்.

அதுவரை அந்த வார்த்தைகள் என் மேல் அப்பிய அசிங்கமாகவே இருந்தன. தெருவில் எல்லோரும் கேட்டார்கள், ஒருவரும் கேட்டதாகச் சொல்லவில்லை. இந்த மனிதர் கேட்டார். கேட்டதைத் தன் வாயால் திருப்பிச் சொன்னார். சாமி கும்பிடும்போதுகூட நான் அப்படி வாயடைத்து நின்றதில்லை.

போலீஸ் எனக்குப் பாதுகாப்புக் கொடுக்க வேண்டும் என்பது உத்தரவு. இரண்டு நாள் கழித்துக் காலையில் வாசலில் சைக்கிளை நிறுத்தியவர் அதே ஏட்டு.

"இன்னாம்மா, ஐகோர்ட்டு வரைக்கும் போய்ட்டியே. என்னாண்ட ஒரு வார்த்த சொல்லக்கூடாதா?"

"உன்னாண்டதான்யா மூணு வாட்டி சொன்னேன்."

அவர் தொப்பியைச் சரிசெய்துகொண்டார். "சரி, எங்க போவணும்?"

"குழாயடிக்கு."

குடத்தை எடுத்துக்கொண்டு முன்னால் நடந்தேன். அவர் நாலடி தள்ளிப் பின்னால் வந்தார். என்னை மிரட்டியவன் தெருமுனை டீக்கடையில் உட்கார்ந்திருந்தான். எங்களைப் பார்த்ததும் எழுந்து, முழங்காலுக்கு மேல் மடித்துக் கட்டியிருந்த கைலியை இறக்கிவிட்டான். எனக்கு இல்லை, காக்கிச் சட்டைக்கு. இருக்கட்டும்.

குடம் நிறைவதற்கு நேரமாயிற்று. அவனுக்கு முதுகைக் காட்டியபடி நின்று பிடித்தேன்.