மீண்டும் வாங்க

ஸ்டீபனுக்குத் திவ்யாவைக் கண்டாலே ஆகாது. கே.கே. நகரில் அந்தத் தனியார் ஆஸ்பத்திரி தொடங்கிய காலத்திலிருந்து ரிசப்ஷனில் உட்கார்ந்தவர் அவர். சூப்பர்வைசர் பதவி தனக்குத்தான் என்று வீட்டிலும் சர்ச்சிலும் சொல்லி வைத்திருந்தார். நிர்வாகமோ நேற்று வந்த உசிலம்பட்டிப் பெண்ணைச் சென்னைக்குப் பயிற்சிக்கு அனுப்பி, அவளுக்கே பதவியையும் கொடுத்தது. அவள் திரும்பி வந்து, தலை நரைத்த ஸ்டீபனை முன்வரிசையில் உட்காரவைத்து, வணக்கம் சொல்வது எப்படி என்று வகுப்பெடுத்தாள்.

என்ன பெரிய வகுப்பு. வருகிறவரைப் பார்த்துச் சிரிக்க வேண்டும். போகிறவரிடம், வந்ததற்கு நன்றி, மீண்டும் வாங்க என்று சொல்ல வேண்டும். ஹோட்டலுக்குத் தயாரித்த பாடத்தை ஆஸ்பத்திரி தலையிலும் கட்டிவிட்டார்கள். இங்கே சாவு விழுந்த இடத்தில் போய் வருகிறேன் என்றுகூடச் சொல்ல மாட்டார்கள், பேசாமல் எழுந்து போவார்கள். அது ஸ்டீபனுக்குத் தெரியாதா? தெரியும். எடுத்துச் சொன்னால் அவள் திருத்திக்கொள்வாள், அதனால் வாயை மூடிக்கொண்டார். மற்றவர்கள் ஆளைப் பார்த்து அந்த வரியை விழுங்கினார்கள். ஸ்டீபன் மட்டும் ஒன்றுவிடாமல் எல்லோருக்கும் சொன்னார். தப்பு முற்றி அவள் தலையில் விடியட்டும் என்று காத்திருந்தார். அதுவும் ஒரு பிழைப்பு.

ஒரு மத்தியானம் நல்லகாமன் என்ற விவசாயி, இறந்துபோன மனைவியை வீட்டுக்குக் கொண்டுபோக வந்தார். கையெழுத்துப் போட்டுவிட்டு, யாரிடமும் சொல்லிக்கொள்ளாமல் வாசல் பக்கம் திரும்பினார். திவ்யா பக்கத்தில் நிற்பதை ஓரக்கண்ணால் பார்த்துக்கொண்டே ஸ்டீபன் சிரித்தார்.

"வந்ததுக்கு நன்றிங்கய்யா. மீண்டும் வாங்க."

நல்லகாமன் நின்றுவிட்டார். அடிக்கப்போகிறார் என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள்.

"இன்னும் யாரக் கொண்டாரச் சொல்றீக? வீட்ல எம்மகன் ஒருத்தன்தேன் இருக்கான்."

கூட வந்தவர்கள் பாய்ந்து ஸ்டீபனின் சட்டையைப் பிடித்தார்கள். நல்லகாமன்தான் அவர்களை விலக்கிக் கூட்டிப்போனார்.

விசாரணையில் ஸ்டீபன் கூச்சமே இல்லாமல், திவ்யா மேடம் சொல்லிக்கொடுத்ததைத்தான் சொன்னேன் என்றார். அவள் மறுக்கவில்லை. சென்னையில் எழுதிக் கொடுத்ததை யோசிக்காமல் ஒப்பித்தது என் தப்புதான் என்று அழுதாள். அவளைக் கீழே இறக்கிவிட்டு, பதவியை ஸ்டீபனுக்குக் கொடுத்தார்கள். அவர் வேண்டுமென்றே செய்தது ரிசப்ஷனில் எல்லோருக்கும் தெரியும், நிர்வாகத்துக்குத்தான் தெரியாது.

டியூட்டி முடிந்து கிளம்பும்போது சூப்பர்வைசரிடம் வாரேன் என்று ஒரு குரல் கொடுத்துவிட்டுப் போவது அங்கே பழக்கம். முதல் நாள் சாயங்காலம் அதைக் கேட்கத்தான் ஸ்டீபன் புது நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தார். ரிசப்ஷனில் கூட உட்காரும் ஹெப்சிபா பையை எடுத்தாள். பாண்டியராஜன் எடுத்தான். கடைசியாகத் திவ்யாவும் எடுத்தாள். ஒருவரும் வாயைத் திறக்கவில்லை. அன்றைக்கு நல்லகாமன் திரும்பிய மாதிரியே, அவரிடம் சொல்லிக்கொள்ளாமல் எழுந்து போனார்கள்.