விழாமலே வந்த விரிசல்

மூட்டு வலிக்காரர்களின் வீடு தேடிப் போய்ப் பிசியோதெரபிப் பயிற்சி கொடுப்பது என் பிழைப்பு. நான் ஸ்கூட்டரை நிறுத்துவதற்குள் அந்தத் தெருவே பாதி வைத்தியத்தை முடித்திருக்கும். தாம்பரத்திலிருந்து மேடவாக்கம் வரை எந்தக் கதவைத் தட்டினாலும், அறுபதைத் தாண்டிய முழங்காலுக்கு ஒரே பெயர்தான்: தேய்மானம். உங்கள் வீட்டிலும் அப்படி ஒரு முழங்கால் இருந்தால் நான் படும் பாடு உங்களுக்குப் புரியும்.

மொட்டை மாடியில் எட்டு

கீழ்க்கட்டளை சரோஜா டீச்சர், ஓய்வுபெற்ற கணக்கு ஆசிரியை. ஒரு நாள் காய்கறி வாங்கிக்கொண்டு வரும்போது வலது முழங்காலில் சுருக்கென்று வலி. விழவில்லை, இடித்துக்கொள்ளவும் இல்லை. எக்ஸ்ரேயில் பெரிதாக ஒன்றும் தெரியவில்லை. காலனி கூடித் தேய்மானம் என்று தீர்ப்புச் சொல்லிவிட்டது. டீச்சரும் மொட்டை மாடியில் பெயின்டால் எட்டுப் போட்டு, காலையும் மாலையும் அதன்மேல் நடந்திருக்கிறார். வலி கூடக் கூட நடையையும் கூட்டியிருக்கிறார்.

நான் போனபோது அவரால் கட்டிலை விட்டு எழ முடியவில்லை. முழங்காலின் உள்பக்க எலும்பை விரலால் லேசாக அழுத்தினேன், துள்ளிவிட்டார். படுத்திருந்தாலும் வலிக்கிறது என்றார். பயிற்சி கொடுக்க வந்தவள், பயிற்சியே கிடையாது, முதலில் எம்.ஆர்.ஐ. எடுங்கள் என்றேன். அவர் கணவர் ராமநாதன் சாரின் முகம் தொங்கிப்போயிற்று. "வலியோட நடந்தா வலி பயந்து ஓடிடும்னு நான்தாம்மா சொன்னேன்."

ஸ்டெப் வேண்டும்

ஸ்கேனில், மூட்டின் குருத்தெலும்புக்குக் கீழே மெல்லிய விரிசல். எலும்பு பலம் குறைந்துவிட்டால் தினசரி நடையே போதும், இப்படி விரிசல் விட, என்றார் எலும்பு டாக்டர். காலில் பாரம் போடாமல் சில வாரம் இருந்தால் கூடிவிடும். போட்டால் அந்த இடம் அமுங்கிவிடலாம். அப்புறம் மூட்டு மாற்று ஆபரேஷன்தான். டீச்சருக்கோ ஏற்கெனவே இதயத்தில் ஸ்டென்ட். ஆபரேஷன் என்றதுமே சார் மேசையைப் பிடித்துக்கொண்டார்.

டீச்சர் மட்டும் விடைத்தாள் திருத்தும் முகத்தோடு என்னைப் பார்த்தார். "நான் விழவே இல்லையே, அப்புறம் எப்படி உடையும்? ஸ்டெப் ஸ்டெப்பா சொல்லுங்க, அப்பதான் மார்க்." எலும்பு பலம் குறைந்தது ஒன்று, அதன்மேல் தினமும் விழுந்த உடல் பாரம் இரண்டு, விடை விரிசல் என்றேன்.

சாமி அறை வாசல்

வாடகைக்கு ஒரு வாக்கர் வந்தது. வலது காலைச் சும்மா தரையில் தொட்டுக்கொண்டு, பாரத்தைக் கைகளில் வாங்கி நடக்கச் சொல்லிக்கொடுத்தேன். கற்பூரமாகப் பிடித்துக்கொண்டார். ஆனால் நாட்கள் ஓடியும் வலி குறைகிற வழியாக இல்லை. எலும்பு அமுங்கிவிட்டதோ என்று எனக்குச் சந்தேகம்.

ஒரு வெள்ளிக்கிழமை சொல்லாமல் சீக்கிரமே போனேன். வாக்கர் சாமி அறை வாசலில் தனியாக நிற்கிறது. உள்ளே டீச்சர் இரண்டு காலிலும் முழுப் பாரத்தையும் போட்டு நின்று விளக்கேற்றிக்கொண்டிருக்கிறார். தினமும் இரண்டு வேளையும் இதே கூத்தாம். வயதில் பெரியவர் என்றும் பாராமல் கத்திவிட்டேன். அவர் குரலைக்கூட உயர்த்தவில்லை. "வாடகை வாக்கரும்மா. எந்தெந்த வீட்டு பாத்ரூமுக்கெல்லாம் போய் வந்ததோ, அதை எப்படி சாமிகிட்ட கொண்டு போறது?"

எதிர் ஃபிளாட் நாற்காலி

சார் அன்றைக்கே புது வாக்கர் வாங்கி வந்து, சந்தனம் குங்குமம் வைத்து, எலுமிச்சம்பழம் நசுக்கி, புது பைக் வாங்கியதுபோல் பூஜையும் போட்டுவிட்டார். வாக்கருக்கு அனுமதி கிடைத்தது. ஆனால் நின்றுகொண்டு செய்யக் கூடாது, உட்கார்ந்து செய்யுங்கள் என்றேன். சாமிக்கு எதிரே நாற்காலி போட்டு உட்காருவதா என்று டீச்சர் மறுபடி மல்லுக்கு நின்றார்.

எதிர் ஃபிளாட் ஹமீது பாய், திருமுடிவாக்கத்தில் லேத் பட்டறை வைத்திருப்பவர்; தன் முழங்கால் வலிக்கு என்னிடம் பயிற்சி எடுத்ததில் எனக்குப் பழைய பழக்கம். சத்தம் கேட்டு எட்டிப் பார்த்தவர் விஷயத்தைக் கேட்டுக்கொண்டு, தன் வீட்டிலிருந்து ஒரு நாற்காலியைத் தூக்கி வந்து சாமி அறை வாசலில் வைத்தார். "நான் இதுல உக்காந்துதான் டீச்சர் அஞ்சு வேளையும் தொழறேன். முடியாதவங்களுக்கு அல்லா சலுகை குடுத்திருக்கான், உங்க சாமி மட்டும் குடுக்க மாட்டாரா இன்னா?"

மறுபடியும் ஸ்கேன்

டீச்சர் அந்த நாற்காலியில் உட்கார்ந்து விளக்கேற்ற ஆரம்பித்த பிறகுதான் வலி மெல்ல இறங்கியது. மறு ஸ்கேன் பார்க்கும் நாளில் நானும் கூடப் போனேன். டாக்டர் படத்தைப் பார்த்துக்கொண்டே இருந்தார். பிறகு டாக்டர் சொன்னார்: விரிசல் கூடிவிட்டது, அமுங்கவில்லை, ஆபரேஷன் தேவையில்லை. எலும்பு பலத்துக்கான மருந்தை விடாதீர்கள், வாக்கரைக் கொஞ்சம் கொஞ்சமாக விடலாம். சார் சுவர்ப் பக்கம் திரும்பிக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். அப்பாடா என்று நானும் அங்கேயே உட்கார்ந்துவிட்டேன்.

சார் ஆட்டோ பிடிக்கப் போனதும் டீச்சர் என் கையைப் பிடித்து இழுத்து, காதருகே சொன்னார். "வாக்கர் இன்னும் ஒரு மாசம் வேணும்னே அவர்கிட்ட சொல்லுங்க. மனுஷன் இப்பதான் காபி போடக் கத்துக்கிட்டிருக்கார்."

எலும்பு கூடுவதற்கு ஓய்வு போதும். அந்த ஓய்வை ஒரு மனுஷியை எடுக்கவைப்பதற்குத்தான் டாக்டர், பிசியோ, புருஷன், எதிர் வீட்டுக்காரர், சாமி என்று இத்தனை பேர் தேவைப்படுகிறார்கள்.