தாக் கியொங்சோல் போட வேண்டிய கையெழுத்து

"தாள் சாஞ்சிருச்சா? எல்லாமுமா, பாதியா? போய்ப் பார்த்துட்டுச் சொல்லு!"

காலை ஆறரை மணிக்கே தாக் கியொங்சோல் தொலைபேசியில் கத்திக்கொண்டிருந்தார். தினமும் இதே கூத்துதான். மறுமுனையில், கிராமத்திலிருந்து, அவர் மனைவி ஒக்நியோ. "நேத்துச் சாயங்காலம்தானே சொன்னேன், சுஜின் அப்பா. ஒரு ராத்திரியில அத்தனையும் படுத்துக்குமா?" வெங்காயத் தாள் சாய்ந்துவிட்டால் பத்து நாளில் பிடுங்கலாம். நாட்டின் வேளாண்மை மந்திரிக்கு அன்று வேறெதுவும் மண்டையில் ஏறவில்லை.

பதினோரு வருடமாக இந்த அமைச்சகச் செய்திகளை எழுதுகிறேன். இவர் எனக்கு ஐந்தாவது மந்திரி. முந்தைய நால்வரும் வெங்காயத்தைத் தட்டில் மட்டும் பார்த்தவர்கள். இவர் முப்பது வருடம் அதை நட்டவர். ஊர்த் தலைவர், விவசாயிகள் சங்கத் தலைவர், நாடாளுமன்ற உறுப்பினர் என்று ஏறி, போன பிப்ரவரியில் மந்திரியானார். வாய் மட்டும் மாறவில்லை. இறக்குமதி எத்தனை டன் என்று சபையில் கேட்டபோது வலைமூட்டைக் கணக்கில் பதில் சொன்னார். எதிர்க்கட்சிக்காரர்கள் மேஜையைத் தட்டிச் சிரிக்க, இவர் காதுவரை சிவந்து, "ஒரு மூட்டைக்குப் பதினஞ்சு கிலோங்க, பெருக்கிக்கோங்க" என்றார். காரில் பின்சீட்டில் உட்காரவே மாட்டார். "பின்னாடி உக்காந்தா போலீஸ் பிடிச்சிட்டுப் போற மாதிரியே இருக்கு" என்பார். போராட்டக் காலத்துப் பழக்கம்!

இந்தக் கட்டுரைக்காக அந்த ஒரு நாள் முழுக்க அவர்கூட இருக்க அனுமதி வாங்கியிருந்தேன். நல்ல நாளாகப் பார்த்து வாங்கினேன், போங்கள். அவர் மேஜையில் இரண்டு வாரமாக ஒரு கோப்பு காத்துக்கிடந்தது. இருப்பு வெங்காயம் தீர்ந்து தலைநகர் சியோலில் விலை மூன்று மடங்காகியிருந்தது. வெளிநாட்டு வெங்காயத்துக்கு அனுமதி தரும் கோப்பு அது. கையெழுத்துப் போட்டால், கப்பல் வந்து சேரும் நாளில்தான் அவர் ஊர் வெங்காயமும் சந்தைக்கு வரும். விலை விழுந்து, ஊர்க்காரர்கள் வயலை வெங்காயத்தோடு உழுது போட வேண்டியதுதான். போடாவிட்டால் நகரம் சும்மா விடாது. மாலை ஐந்து மணி கெடு.

மதியம் எதிர்க்கடையில் கறுப்பு சோயா விழுது பிசைந்த நூடுல்ஸ். அதோடு பச்சை வெங்காயம் கேட்காமலே வரும். அன்று மஞ்சள் முள்ளங்கி ஊறுகாய் மட்டும் வந்தது. கடைக்கார அம்மாள் இடுப்பில் கை வைத்துக்கொண்டு நின்றார்.

"என்னை என்ன பார்க்கறீங்க மந்திரி ஐயா? முப்பது வருஷத்துல முதல் தடவையா சாப்பிட வந்தவங்ககிட்ட வெங்காயம் இல்லைன்னு சொல்றேன். கடையை மூடணும்னாலும் சொல்லிடுங்க, மூடிடறேன்."

"பத்து நாள் பொறுத்துக்க முடியாதா அக்கா?"

"போன வாரமும் இதையேதான் கேட்டீங்க."

மந்திரி பாதியில் எழுந்து வயிற்று வலி மாத்திரையைப் போட்டுக்கொண்டார்.

மூன்று மணிக்கு அமைச்சக வாசலில் மேளம். அவர் ஊர் விவசாயிகள் நாற்பது பேர் பேருந்தில் வந்திருந்தார்கள். நடுவில் ஒரு நாற்காலி, அதில் வெள்ளைத் துணி போர்த்திக்கொண்டு குக் ஜொங்மான். எதிர்ப்பைக் காட்ட மொட்டை போடுவது எங்கள் நாட்டு வழக்கம். சங்கத் தலைவராக இருந்தபோது தாக் மூன்று முறை மொட்டை போட்டார். மூன்று முறையும் மெஷின் பிடித்தது பக்கத்து வயல்காரரான இந்த ஜொங்மான்தான்.

ஜன்னலில் நின்ற மந்திரி பேனா மூடியைத் திறந்து மூடிக்கொண்டிருந்தார்.

"கப்பலை இருபது நாள் தள்ளலாமா?"

"நகரம் நம்மைத் தின்னுடும் ஐயா" என்றார் செயலர்.

"அப்போ அளவைப் பாதியாக்கு."

"பாதின்னா... சரி ஐயா."

கோப்பிலிருந்த டன் கணக்கை அடித்துத் திருத்திக் கையெழுத்துப் போட்டார். பிறகு, காவலர்கள் சொல்லச் சொல்லக் கேட்காமல் படியிறங்கினார். மேளம் நின்றது.

"போட்டுட்டியா?" என்றார் ஜொங்மான்.

"போட்டுட்டேன். பாதியாக் குறைச்சு."

"பாதியா? அப்போ நான் பாதி வயலை உழுதாப் போதுமா?"

"துரோகி!" என்று கூட்டத்தில் ஒரு குரல். மெஷின் வைத்திருந்த சங்கப் பொருளாளருக்குக் கை ஓடவில்லை.

"அவனுக்கு இது வராது, மண்டையக் கிழிச்சிடுவான்" என்றார் ஜொங்மான். "நீயே பிடி. உனக்கு எத்தனை தடவை நான் செஞ்சிருக்கேன்!"

கேமராக்கள் நெருங்கின. "வேண்டாம் ஐயா, நாளைக்குப் பேப்பர்ல நாறிடும்" என்று செயலர் முழங்கையைப் பிடித்து இழுத்தார். தாக் கியொங்சோல் கோட்டைக் கழற்றி அவர் கையில் கொடுத்துவிட்டு மெஷினை வாங்கினார். காதில் பட்டுவிடாதபடி, நண்பரின் காதை இடது விரலால் மெல்ல முன்பக்கம் மடக்கிப் பிடித்துக்கொண்டு, பின்கழுத்திலிருந்து மேல்நோக்கி ஓட்டத் தொடங்கினார்.